கனவா, நனவா? திரும்பத் திரும்பக் கேட்கப்படும் கேள்விகள்

தத்துவ வாசிப்புக் கூட்டங்களில் கனவைப் பற்றிய பேச்சு வந்துவிட்டால் நேரம் போதாது. அறத்தைப் பற்றியோ அறிவைப் பற்றியோ பேசும்போது வாய் திறக்காதவர்கள்கூட அன்றைக்குக் கை தூக்குவார்கள். கேள்விகள் மட்டும் பெரும்பாலும் ஒன்றே. அவற்றைக் கேட்டவர்கள் சொன்ன விதத்திலேயே இங்கே வைத்திருக்கிறேன். பின்னால் வரும் பதில்கள் முன்னால் சொன்னவற்றின் மேல் நிற்பதால் வரிசையாகப் படிப்பது நல்லது.

கனவும் நனவும் வேறு என்பது எல்லோருக்கும் தெரியும். இதில் கேட்க என்ன இருக்கிறது?

வேறு என்பதில் எனக்கும் சந்தேகம் இல்லை. ஆனால் இங்கே இரண்டு கேள்விகள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டு கிடக்கின்றன. கனவும் நனவும் வேறா என்பது ஒன்று. இந்தக் கணத்தில் நான் எதில் இருக்கிறேன் என்பதை எதை வைத்து அறிகிறேன் என்பது மற்றொன்று. முதல் கேள்விக்கு எல்லோரிடமும் பதில் உண்டு. இரண்டாவதற்குப் பதில் சொல்லப் புகுந்தால் நாக்கு தடுமாறும்.

எப்போதோ முடித்துவிட்ட பரீட்சைக்குப் படிக்காமல் வந்துவிட்டதாகக் கனவு வருகிறது. கனவு நடக்கும்போது அது நனவு என்றுதான் நம்பியிருந்தீர்கள். வியர்த்தது, நெஞ்சு அடித்துக்கொண்டது. அந்த உறுதிக்கும் இப்போது உங்களுக்கு இருக்கும் உறுதிக்கும், உள்ளே இருந்து பார்த்தால், என்ன வித்தியாசம்?

கிள்ளிப் பார்த்தால் தெரிந்துவிடாதா?

கனவில் வலிக்காது என்ற நம்பிக்கையில் எழுந்த வழக்கம் இது. கனவில் வலியை உணர்ந்தவர்கள் இருக்கிறார்கள். உறங்குபவரின் காலில் அழுத்தம் கொடுத்துப் பார்த்தபோது அந்த வலி கனவுக்குள் புகுந்ததும் ஆய்வுக்கூடத்தில் பதிவாகியிருக்கிறது.

வலியை விட்டுவிட்டு வேறு சோதனையை எடுத்தாலும் சிக்கல் அதேதான். சோதனையைச் செய்வதும் அதன் முடிவைப் பார்ப்பதும் சந்தேகத்துக்கு உரிய அதே இடத்துக்குள்தான் நடக்கின்றன. "கிள்ளினேன், வலித்தது, ஆகவே விழித்திருக்கிறேன்" என்று முழுவதையுமே கனவு காணலாம். தராசு சரியா என்பதை அந்தக் கடைக்காரரின் எடைக்கல்லை வைத்தே சோதிப்பது போன்றது இது.

எழுத்தை இரண்டு முறை படித்துப் பார்த்தால் கனவில் மாறிவிடுமாமே?

பலருக்கு மாறுகிறது. பலகையில் இருந்த சொல்லைப் படித்துவிட்டுத் திரும்பிப் பார்த்தால் வேறு சொல் இருக்கும், கடிகாரமும் அப்படித்தான். ஆனால் இந்தச் சோதனை ஒரு பக்கம் மட்டுமே வேலை செய்யும். மாறினால் கனவு என்று சொல்லலாம். மாறாவிட்டால் நனவு என்று சொல்ல முடியாது. இந்த ஒருபக்கத் தன்மை பின்னால் மறுபடியும் வரும், நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

இந்தச் சந்தேகத்தை முதலில் எழுப்பியவர் டெகார்ட்தானே?

இல்லை. பிரெஞ்சுத் தத்துவவாதி டெகார்ட் 1641இல் வெளிவந்த தம் 'தியானங்கள்' நூலில் எழுதியது பெயர் பெற்றுவிட்டது, அவ்வளவுதான். அங்கி அணிந்து, கையில் காகிதத்தோடு, நெருப்பருகே உட்கார்ந்திருக்கிறேன் என்று அவர் தொடங்குகிறார். பிறகு, படுக்கையில் கிடந்தபடி இதே காட்சியை எத்தனை முறை கனவு கண்டிருக்கிறேன் என்று கேட்டுத் தம்மையே கலங்கடித்துக்கொள்கிறார். அவருக்கு ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகள் முன்பே, பிளேட்டோவின் 'தியேடட்டஸ்' உரையாடலில் சாக்ரடீஸ், நாம் இப்போது உறங்குகிறோமா, விழித்துப் பேசுகிறோமா என்பதற்கு என்ன சான்று காட்டுவீர்கள் என்று கேட்கிறார். இஸ்லாமியச் சிந்தனையாளர் அல்-கஸாலி தம் வரலாற்றை எழுதும்போது வேறொரு கோணத்தில் வருகிறார்: கனவின் பொய்யை விழிப்பு காட்டிக்கொடுக்கிறது, விழிப்பின் பொய்யைக் காட்டிக்கொடுக்க இன்னொரு நிலை இருந்தால்?

தமிழிலும் இது பழைய பேச்சு. குறுந்தொகையின் 30ஆம் பாட்டில் தலைவி, தலைவன் தன்னைத் தழுவியதாகக் கனவு கண்டு எழுந்து, படுக்கையைத் தடவிப் பார்க்கிறாள். அந்தக் கனவுக்குக் கச்சிப்பேட்டு நன்னாகையார் வைக்கும் பெயர் 'வாய்த்தகைப் பொய்க்கனா'. வாய் என்றால் மெய். மெய்யின் தன்மை கொண்ட பொய்க் கனவு. இந்தப் பக்கம் முழுவதும் நான் சொல்லப் போவது அந்த இரண்டு சொற்களில் இருக்கிறது.

திருக்குறளில் 'கனவுநிலை உரைத்தல்' என்று ஓர் அதிகாரமே உண்டு. 'நனவென ஒன்றில்லை ஆயின் கனவினாற் காதலர் நீங்கலர் மன்' என்கிறாள் அதன் தலைவி. நனவு என்ற ஒன்று மட்டும் இல்லாதிருந்தால் கனவில் வந்தவர் பிரியவே மாட்டார். எது எது என்பதில் அவளுக்குச் சந்தேகம் இல்லை; நனவின் மேல் வழக்கு இருக்கிறது. ஐயமே இல்லாமல் இந்த எல்லையைப் பற்றிப் பேச முடியும் என்பதை எனக்குக் காட்டியவள் அவள்.

பட்டாம்பூச்சிக் கதையின் கருத்து "எல்லாம் மாயை" என்பதா?

சீன ஞானி சுவாங் ட்சு தாம் பட்டாம்பூச்சியாக இருப்பதாகக் கனவு கண்டார்; விழித்ததும், பட்டாம்பூச்சிக் கனவு கண்ட மனிதனா, மனிதக் கனவு காணும் பட்டாம்பூச்சியா என்று தெரியவில்லை. இதோடு கதையை நிறுத்திவிடுகிறார்கள். மூலத்தில் இன்னும் சில சொற்கள் உண்டு: இருவருக்கும் இடையே ஒரு வேறுபாடு இருந்தே ஆக வேண்டும், பொருள்கள் ஒன்றிலிருந்து மற்றொன்றாக மாறுவது என்று இதைத்தான் சொல்கிறோம். மாயை என்ற பேச்சே அங்கில்லை. கடைசி வரியை வெட்டிவிட்டுக் கதை சொல்வது நம் பேச்சாளர்களுக்குக் கைவந்த கலை.

டெகார்ட் கேட்டார், சரி. கடைசியில் விடை கண்டாரா?

ஆறாம் தியானத்தில் ஒரு விடை தருகிறார். நனவில் நடப்பவற்றை நினைவு ஒன்றோடொன்று கோத்து, வாழ்க்கையின் மற்றப் பகுதிகளோடு இணைக்கிறது. கனவில் அந்தக் கோவை அறுந்துவிடுகிறது. யாரோ ஒருவர் எங்கிருந்து வந்தார் என்றே தெரியாமல் திடீரென்று தோன்றி மறைந்தால் அவரைப் பேய் என்றுதானே நினைப்பேன் என்கிறார். உடனே ஆங்கிலத் தத்துவவாதி ஹாப்ஸ் மடக்கினார்: எல்லாம் கோவையாக இருக்கிறது என்றே ஒருவன் கனவு காணலாமே? கோவையாக இருப்பதாகக் கனவு காணலாம், உண்மையில் கோக்க முடியாது என்று டெகார்ட் பதில் சொன்னார். அது ஹாப்ஸுக்குப் போதுமா என்று தெரியாது, எனக்குப் போதவில்லை. கோத்துவிட்டேனா, கோத்ததாகத் தோன்றுகிறதா என்பதை அந்தக் கணத்தில் எப்படிப் பிரிப்பது?

இருந்தாலும் அவர் தொட்ட இடத்தில் ஒரு நல்ல சரக்கு இருக்கிறது. நனவுக்குள் கனவுக்கு இடம் உண்டு: "நேற்று இரவு, இந்தப் படுக்கையில், சத்தத்தைக் கேட்டதால் இப்படிக் கண்டேன்" என்று சொல்ல முடிகிறது. கனவுக்குள் நனவுக்கு அப்படி ஓர் இடம் அமைவது அரிது. ஒன்று மற்றொன்றை விளக்குகிறது. மற்றொன்று இதை விளக்குவதில்லை. இது நிரூபணம் இல்லை. ஆனால் நாம் எதை நம்பி நடக்கிறோம் என்பதை இது காட்டுகிறது.

கௌடபாதர் உலகமே கனவு என்று சொல்லிவிட்டாரே. நம் மரபில் விவாதம் முடிந்துவிட்டதல்லவா?

முடியவில்லை, சுவையான பகுதியே அங்கிருந்துதான் தொடங்குகிறது. அத்வைத ஆசான் கௌடபாதர் எழுதிய மாண்டூக்ய காரிகையில் அவரை மறுப்பவர் சொல்வது இது: நனவில் உண்ட உணவு பசி தீர்க்கிறது, பயன்படுவதால் அது மெய். கௌடபாதர் அந்தப் பயன் கனவில் பொய்த்துப்போகிறது என்கிறார். உரை எழுதிய சங்கரர் அதை விரிக்கிறார்: வயிறு நிறைய உண்டு படுத்தவன் கனவில் பட்டினியால் துடிக்கிறான், கனவில் உண்டு நிறைந்தவன் பசியோடு விழிக்கிறான். பயன் என்பது அந்தந்த நிலைக்குள் மட்டுமே செல்லும் நாணயம். இந்த வாதத்தை எப்போது படித்தாலும் ஒரு நிமிடம் புத்தகத்தை மூடிவிட்டுத்தான் தொடர்வேன்.

அதே சங்கரர், பிரம்மசூத்திர உரையில் வெளிப்பொருள் இல்லை, அறிவு மட்டுமே உண்டு என்னும் பௌத்தர்களின் விஞ்ஞானவாதத்தை மறுக்கும்போது நேர்மாறாகப் பேசுகிறார்: நனவு கனவைப் போன்றதன்று; விழித்ததும் கனவு பொய்யாகிவிடுகிறது, தூணும் சுவரும் அப்படி எந்த நிலையிலும் பொய்யாவதில்லை. முரண்பாடா? அத்வைதிகள் இல்லை என்பார்கள். அன்றாட வழக்கில் கனவும் நனவும் வேறு. நனவு, கனவு, உறக்கம் மூன்றையும் கடந்த துரியம் என்ற நிலையிலிருந்து பார்க்கும்போதுதான் இரண்டும் ஒரே தட்டில் நிற்கின்றன. ஆக "உலகம் கனவு" என்பது தெருவைக் கடக்கும்போது பயன்படுத்த வேண்டிய வாக்கியம் இல்லை.

ஆயுள் முழுவதும் ஒரே நீண்ட கனவாக இருந்தால்? விழிக்கவே விழிக்காத கனவு?

கில்பர்ட் ரைல் என்ற ஆங்கிலத் தத்துவவாதி கள்ளக் காசை உதாரணம் காட்டினார். நல்ல காசு புழங்கும் நாட்டில்தான் கள்ளக் காசு இருக்க முடியும். எல்லாமே கள்ளக் காசு என்றால் எதைப் பார்த்துச் செய்த கள்ளம்? அதே போல விழிப்பே இல்லாத இடத்தில் 'கனவு' என்ற சொல்லுக்குப் பிடிமானம் இல்லை.

இது பாதி ஆறுதல்தான். எல்லாக் காசும் கள்ளமாக இருக்க முடியாது என்பதால் உங்கள் கையில் இருக்கும் காசு நல்லது என்று ஆகிவிடாது. இன்னொன்று: கௌடபாதரை இந்த வாதம் தொடவே தொடாது. அவரிடம் ஒரு நல்ல காசு இருக்கிறது. நனவையும் கனவாக்கும் விழிப்பு ஒன்று உண்டு என்பதுதானே அவர் கட்சி.

விஞ்ஞானம் இதையெல்லாம் தீர்த்துவிட்டதே. இன்னும் எதற்குத் தத்துவம்?

விஞ்ஞானம் நிறையச் சொல்லியிருக்கிறது. 1953இல் உறக்க ஆய்வாளர்கள் அசெரின்ஸ்கியும் கிளைட்மனும் உறக்கத்தின் ஒரு கட்டத்தில் கண்கள் இமைகளுக்குள் வேகமாக அசைவதைக் கண்டு எழுதினார்கள். ரெம் உறக்கம் என்று இன்று அழைக்கப்படுவது அதுதான். பெரியவர்களின் உறக்கத்தில் நான்கில் ஒரு பங்கு வரை அது இருக்கும். ஏறத்தாழ 90 நிமிடத்துக்கு ஒரு முறை திரும்ப வரும். மூளை கிட்டத்தட்ட விழிப்பில் இருப்பதைப் போல இயங்க, உடலின் தசைகள் மட்டும் செயலிழந்து கிடக்கும். கண்ட கனவின்படி எழுந்து ஓடிவிடாமல் நம்மைக் காப்பது அந்தச் செயலிழப்பே. அது நீங்குவதற்கு முன் விழிப்பு வந்துவிட்டால் கை கால் அசைக்க முடியாமல், நெஞ்சில் யாரோ உட்கார்ந்திருப்பது போலத் தோன்றும். அமுக்குவான் பேய் என்று சொல்வது இதைத்தான். ரெம் அல்லாத உறக்கத்திலும் கனவு உண்டு என்பது பிறகு தெரிந்தது.

ஆனால் இத்தனையும் உறங்குபவரின் பக்கத்தில் விழித்து உட்கார்ந்திருக்கும் ஒருவர் எழுதிய குறிப்புகள். அவர் விழித்திருக்கிறார் என்பதை ஏற்றுக்கொண்ட பிறகுதான் அந்தக் குறிப்புகளுக்கு மதிப்பு. கிள்ளிப் பார்ப்பதைப் பற்றிச் சொன்னது இங்கும் பொருந்தும்: கருவி பெரிதாகிவிட்டதால் வாதம் மாறிவிடுவதில்லை.

கனவு என்பதே இரவில் நடப்பதில்லை, விழிக்கும் நொடியில் மனம் கட்டிவிடும் கதை என்கிறார்களே?

இந்தக் கேள்விக்கு ஒரு கழுத்து காரணம். பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிரெஞ்சு அறிஞர் ஆல்ஃப்ரெட் மோரி ஒரு கனவு கண்டார். பிரெஞ்சுப் புரட்சி, விசாரணை மன்றம், தண்டனை, ஊர்வலம், கில்லட்டின் மேடை, கத்தி கழுத்தில் விழுந்தது, விழித்தார். படுக்கையின் தலைப்பக்கச் சட்டம் உண்மையிலேயே கழுத்தில் விழுந்திருந்தது. சட்டம் விழுந்த பிறகுதான் கதை தொடங்கியிருக்க வேண்டும். அப்படியானால் அத்தனை நீளக் கதை ஒரு நொடிக்குள்ளா? இதிலிருந்து, கனவு கண நேரத்தில் முடிவது என்று பலர் எண்ணினார்கள். தத்துவவாதி நார்மன் மால்கம் 1959இல் இன்னும் ஒரு படி மேலே போனார்: உறங்கும்போது 'அனுபவம்' இருந்தது என்பதைச் சரிபார்க்க வழியே இல்லை, இருப்பது விழித்தபின் சொல்லும் கதை மட்டும். 1976இல் இன்னொரு தத்துவவாதி டேனியல் டென்னட்டும், இரவில் ஏதும் அனுபவிக்காமலே காலையில் நினைவு மட்டும் முளைத்திருக்கலாமே என்று கேட்டார்.

கேலியாகத் தோன்றும், மறுத்துப் பாருங்கள், எளிதில்லை என்பது தெரியும். டிமென்டும் கிளைட்மனும் 1957இல் வெளியிட்ட ஆய்வில், ரெம் தொடங்கி 5 நிமிடத்திலோ 15 நிமிடத்திலோ எழுப்பி, எவ்வளவு நேரம் கனவு கண்டீர்கள் என்று கேட்டார்கள். எழுந்தவர்கள் பெரும்பாலும் சரியாகச் சொன்னார்கள். கனவுக்கு நேரம் ஆகிறது என்பதற்கு இது நல்ல சான்று. மால்கம் இதற்கும் அசையவில்லை.

அடி விழுந்தது வேறு இடத்திலிருந்து. ரெம் உறக்கத்தில் கண்கள் தசைச் செயலிழப்புக்குத் தப்பியவை. கனவுக்குள்ளேயே "இது கனவு" என்று உணரக் கூடியவர்களிடம், உணர்ந்ததும் கண்களை இடமும் வலமுமாக இத்தனை முறை அசையுங்கள் என்று உறங்குவதற்கு முன்பே சொல்லிவைத்தார்கள். 1975இல் இங்கிலாந்தில் கீத் ஹெர்ன், பிறகு அமெரிக்காவில் ஸ்டீபன் லபெர்ஜ், இருவரின் கருவிகளிலும் அந்த அசைவு பதிவானது. ஆள் உறக்கத்தில், சைகை உள்ளிருந்து. விழித்தபின் கட்டிய கதை என்றால் சைகை எப்படி முன்கூட்டியே வந்தது? குறைந்தது இத்தகைய கனவுகளிலாவது மால்கம் தோற்றார் என்பது என் கணக்கு.

கனவிலேயே இது கனவு என்று தெரிந்துவிட்டால் உங்கள் பிரச்சினை தீர்ந்ததுதானே?

இதற்குத் தெளிகனவு என்று பெயர் வைக்கலாம். உறங்கும்போதே 'இது கனவு' என்று உள்ளே ஒன்று சொல்வதுண்டு என்று அரிஸ்டாட்டிலே குறித்திருக்கிறார். 2021இல் நான்கு நாடுகளின் ஆய்வாளர்கள் தெளிகனவில் இருந்தவர்களிடம் கேள்வி கேட்டுப் பதிலும் வாங்கினார்கள். எட்டில் ஆறு போனால் எத்தனை என்று கேட்க, உறங்குபவர் கண்களை இரண்டு முறை அசைத்தார். எல்லோராலும் முடியவில்லை, சரியான பதில் வந்தது ஐந்தில் ஒன்றுக்கும் குறைவான முயற்சிகளில்தான். ஆனாலும் சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து தட்டல் கேட்டுவிட்டது.

தீர்ந்ததா என்றால், எழுத்தை இரண்டு முறை படிப்பதைப் பற்றிச் சொன்னதை நினைத்துக்கொள்ளுங்கள். கனவைக் கனவு என்று கண்டுபிடிக்கலாம். அதனால் நனவை நனவு என்று கண்டுபிடித்ததாக ஆகாது.

எழுந்தேன், பல் துலக்கினேன், உடை மாற்றினேன், மறுபடி எழுந்தேன். இது என்ன?

போலி விழிப்பு. பலருக்கு வருவது, கவலைப்பட ஒன்றும் இல்லை. எனக்கும் ஒரு முறை அடுத்தடுத்து மூன்று வந்தன. மூன்றாவதில் கண்ணாடி முன் நின்று "இப்போது நிச்சயமாக விழித்துவிட்டேன்" என்று உரக்கச் சொன்னது நினைவிருக்கிறது. நான்காவது முறை உண்மையில் எழுந்தபோது அப்படி எதுவும் சொல்லத் தோன்றவில்லை. நேரே போய்ப் பல் துலக்கினேன்.

அப்படியானால் ஒவ்வோர் இரவும் நாம் ஏமாந்துகொண்டே இருக்கிறோமா?

முதல் பதிலில் ஒரு சொல்லை அவசரப்பட்டு எழுதிவிட்டேன். கனவில் 'நம்பியிருந்தீர்கள்' என்றேன். தத்துவவாதி எர்னஸ்ட் சோசா அதைத்தான் கேள்விக்குள்ளாக்குகிறார். சிங்கம் துரத்துவதாகக் கனவு கண்டால், துரத்துவதாகக் கனவுக்குள் நம்பினேன் என்பது சரி. ஆனால் படுக்கையில் கிடக்கும் நான் அதை நம்பினேனா? கதை படிக்கும்போது கதைக்குள் போய்விடுகிறோம். ஏமாந்துவிட்டோம் என்று யாரும் சொல்வதில்லை. கனவு நம்பிக்கையைவிடக் கற்பனைக்கு நெருக்கமானது என்பது அவர் கருத்து.

பாதி ஒப்புக்கொள்கிறேன். கதை படிப்பவர் வேண்டும்போது புத்தகத்தை மூடலாம், கனவில் முடியாது. என்னைக் கேட்டால், கனவில் நாம் ஏமாறுவதில்லை, விசாரிக்காமல் இருக்கிறோம். இறந்துபோன தாத்தா வந்து உட்கார்ந்து பேசுகிறார். எப்படி வந்தீர்கள் என்று கேட்பதில்லை. ரெம் உறக்கத்தில் மூளையின் முன்பகுதியில், ஆராய்ந்து முடிவெடுப்பதில் பங்குள்ள இடங்களின் செயல்பாடு குறைந்திருப்பதை 1990களின் மூளைப் படங்கள் காட்டின. அதுவும் இதோடு ஒத்துப்போகிறது. பொய்யைத் தாண்டிப் போகவிடும் காவல்காரர் பொய்யால் ஏமாந்தவர் இல்லை, அந்நேரம் பணியில் இல்லாதவர்.

அப்படிப் பார்த்தால் எல்லை காட்சியில் இல்லை. வாய்த்தகைப் பொய்க்கனாவில் காட்சி மெய்யின் தன்மையோடுதான் வருகிறது. 'இது எப்படி?' என்று கேட்கும் பழக்கம் எங்கே வேலை செய்கிறது என்பதில் இருக்கிறது எல்லை. இதற்கும் விலக்கு உண்டு: தெளிகனவில் அந்தக் காவல்காரர் பாதியில் வந்துவிடுகிறார். விழித்திருக்கும்போது அவர் விடுப்பில் போவதும் நடக்கிறது.

கனவில் ஒருவருக்குத் துரோகம் செய்தேன். அதற்கு நான் பொறுப்பா?

புனித அகஸ்டின் தம் 'அறிக்கை'களில் இதே சங்கடத்தில் மாட்டிக்கொள்கிறார்: விழித்திருக்கும்போது மறுப்பதை உறக்கத்தில் ஏற்கிறேனே, அப்போது நான் நானாக இல்லையா? முந்தைய பதிலை ஏற்றால் விடை எளிது: காவல்காரர் இல்லாத நேரத்தில் நடந்ததற்குக் குற்றப்பத்திரிகை இல்லை. தெளிகனவு என்றால் கொஞ்சம் யோசிக்க வேண்டும். அங்கே தெரிந்தே செய்கிறீர்கள். ஆனால் யாருக்கும் எதுவும் நேரவில்லை.

எனக்கு விழித்திருக்கும்போதே எல்லாம் கனவு மாதிரி இருக்கிறது. நான் தத்துவவாதி ஆகிவிட்டேனா?

தூக்கக் குறைவிலும் கடும் பதற்றத்திலும் உலகம் கண்ணாடிக்கு அப்பால் இருப்பது போலத் தோன்றுவதுண்டு; சற்று நேரத்தில் போய்விடும். நீடித்தாலோ, திரும்பத் திரும்ப வந்து வேலையையும் உறவையும் கெடுத்தாலோ மனநல மருத்துவரைப் பாருங்கள். இதற்கு உதவி உண்டு. இந்த உணர்வு உள்ளவர்கள் கனவு 'மாதிரி' என்று சொல்கிறார்கள், கனவு என்று சொல்வதில்லை; காவல்காரர் பணியில்தான் இருக்கிறார். டெகார்ட்டின் ஐயம் நாற்காலியில் உட்கார்ந்து வரவழைத்துக்கொள்வது. இது வேறு. இரண்டையும் குழப்பிக்கொண்டு, மருந்தாக இந்தப் பக்கத்தைப் படிக்க வேண்டாம்.

நீங்கள் இப்போது கனவு காணவில்லை என்று உங்களுக்கு நிச்சயமா?

நிச்சயம். நிரூபிக்கச் சொன்னால் முடியாது. பெர்ட்ரண்ட் ரஸலும் ஏறக்குறைய இதையே எழுதினார்: நான் இப்போது கனவு காண்கிறேன் என்று நம்பவில்லை, காணவில்லை என்று நிரூபிக்கவும் என்னால் இயலாது. இதைத் தோல்வி என்று நினைப்பவர்கள், நிரூபித்த பிறகே எதையும் நம்புவது என்று முடிவு செய்து ஒரு காலை நேரத்தைக் கழித்துப் பார்க்கட்டும்.

உங்கள் கூட்டத்தில் கேள்வி கேட்டதாகக் கனவு கண்டேன். அருமையான பதில் சொன்னீர்கள், விழித்ததும் மறந்துவிட்டது. மறுபடி சொல்ல முடியுமா?

முடியாது. அன்றைக்கு அங்கே நான் வரவில்லை. பதில் அருமையாக இருந்தது என்றால் அந்தப் பெருமை உங்களுக்குத்தான் சேர வேண்டும். மோசமாக இருந்திருந்தாலும் அப்படியே. கேள்வியாவது நினைவிருந்தால் அடுத்த கூட்டத்தில் கேளுங்கள்.